மலையில் பூனை வளர்க்கிறீர்களா? காட்டு விலங்குகளைக் காயப்படுத்தாமல் முற்றத்துக்கு வெளியே நிறுத்தும் முறை

கோத்தகிரி, குன்னூர் பக்கம் புதிதாகக் குடிவந்து பூனை வளர்க்க ஆரம்பிக்கிறவர்கள் முதலில் கேட்பது, "என்ன வேலி போடலாம்?" என்றுதான். நான் பதிலுக்குக் கேட்பது, "பூனைக்குச் சோறு எங்கே வைக்கிறீர்கள்?" வாசல்படியில், கொல்லையில், மாடிப்படிக்குக் கீழே என்று பதில் வந்தால் வேலிப் பேச்சை அப்புறம் வைத்துக்கொள்ளலாம். மீன் சோறு வெளியே கிடக்கிற வரைக்கும் எவ்வளவு செலவு செய்து வேலி போட்டாலும் ஏதாவது ஒன்று வந்துகொண்டேதான் இருக்கும். தேயிலைத் தோட்டமும் சோலையும் வீடும் ஒன்றோடு ஒன்று ஒட்டிக் கிடக்கிற ஊர் இது. சிறுத்தை, கரடி, காட்டெருமை, காட்டுப்பன்றி, முள்ளம்பன்றி, மரநாய், குரங்கு எல்லாம் நம் வீட்டைச் சுற்றித்தான் நடமாடுகின்றன. அவற்றை இந்த மலையிலிருந்து துரத்த முடியாது, துரத்தவும் வேண்டாம். நம் முற்றத்தில் நின்று பார்ப்பதற்கு அவற்றுக்கு ஒரு காரணமும் இல்லாமல் செய்துவிட்டால் போதும்.

கீழே சொல்கிற வரிசையிலேயே செய்யுங்கள். முதல் மூன்று படிகளுக்குப் பெரிய செலவு கிடையாது, பெரும்பாலான வீடுகளுக்கு அதிலேயே பாதிப் பிரச்சினை தீர்ந்துவிடும்.

படி 1: வருவது எது என்று பாருங்கள்

சந்து, வேலி ஓட்டை, கொல்லைக் கதவு என்று விலங்கு நுழையக்கூடிய இடங்களில் சலித்த மண்ணை இரண்டு முழ அகலத்துக்குப் பரப்பி, லேசாகத் தண்ணீர் தெளித்து, பலகையால் சமப்படுத்தி வையுங்கள். காலையில் பூனையை வெளியே விடுவதற்கு முன்னால் போய்ப் பாருங்கள். வீட்டுப் பூனையின் தடம் மூன்று, நான்கு சென்டிமீட்டர் அகலம்தான் இருக்கும். அதே வடிவத்தில், நகம் பதியாமல், உள்ளங்கை அளவுக்குத் தெரிந்தால் சிறுத்தை. நகம் பதிந்திருந்தால் பெரும்பாலும் நாய். ஐந்து விரலும் தெரிகிற சின்னத் தடம், பக்கத்திலேயே காப்பிக் கொட்டையோ பழ விதையோ நிறைந்த எச்சம் என்றால் மரநாய். மனிதப் பாதம் மாதிரி இருந்து, முன்னால் நீளமாக நகம் கீறியிருந்தால் கரடி. மண்ணைக் கிளறிப் போட்டிருந்தால் பன்றி. முள் கிடந்தால் சொல்லவே வேண்டாம்.

மரநாய்க்குப் பயந்து சிறுத்தைக்கான ஏற்பாடு செய்ய வேண்டியதில்லை, சிறுத்தை வருகிற இடத்தில் மரநாய்தானே என்று விட்டுவிடவும் கூடாது. அதனால்தான் இதை முதல் படியாக வைத்திருக்கிறேன்.

படி 2: தட்டை உள்ளே எடுங்கள்

இதுதான் எல்லாவற்றையும் விட முக்கியம். பூனைக்கு நாளுக்கு இரண்டு வேளை, வீட்டுக்குள் மட்டும் சாப்பாடு. வைத்து அரைமணி நேரத்தில் மிச்சத்தை எடுத்துவிட வேண்டும். நாள் முழுக்கத் தட்டு நிறைய உலர் தீவனம் கொட்டி வைக்கிற பழக்கம் ஊட்டி, குன்னூரில் நிறைய வீடுகளில் இருக்கிறது. பகலில் அதைத் தின்ன நாட்டுக்குரங்கு வரும், ராத்திரி மரநாயும் எலியும் வரும், எலியைத் தேடிப் பாம்பு வரும். தீவன மூட்டையைப் பிளாஸ்டிக் டப்பாவில் வைத்தால் போதாது, மூடி இறுகுகிற தகர டின்னில் போட்டு வீட்டுக்குள்ளேயே வையுங்கள்.

மத்தி மீனோ கருவாட்டுத் தலையோ வேகவைத்துக் கொடுக்கிறவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். மீன் கழுவிய தண்ணீரைக் கொல்லைச் செடிக்கு ஊற்றாதீர்கள், சாக்கடைக் குழாயில் ஊற்றிவிட்டு மேலே நிறையத் தண்ணீர் விடுங்கள். முள், தலை, கோழிக் கழிவு எதுவும் உரக்குழிக்குப் போகக் கூடாது, குப்பை வண்டி வருகிற நாள் வரைக்கும் மூடிய டப்பாவில் உள்ளே இருக்கட்டும். உரக்குழியில் காய்கறித் தோலும் சருகும் மட்டும் போட்டு, மேலே மண்ணோ மரத்தூளோ தூவுங்கள். தோல், கிழங்கு வாசனைக்கே பன்றி வரும் என்பதால் அதற்கும் ஒரு மூடி வேண்டும்.

கரடிக்கு மூக்கு ரொம்பக் கூர்மை. குன்னூர், கோத்தகிரி பக்கம் கோயிலுக்குள் புகுந்து விளக்கு எண்ணெயைக் குடித்துவிட்டுப் போகிற செய்தி அடிக்கடி வரும். துளசி மாடத்தில் விளக்கு ஏற்றுகிறவர்கள், திரி அணைந்ததும் அகலை உள்ளே எடுத்துவிடுங்கள். எண்ணெய் டின், சர்க்கரை, அரிசி எதுவும் வெளி வராந்தாவில் வேண்டாம். பேரி, பிளம்ஸ், கொய்யா மரம் இருந்தால் பழம் கனிவதற்கு முன்பே பறியுங்கள், கீழே விழுந்ததை அன்றன்றே பொறுக்குங்கள். கீழ் மலைச்சரிவில் பலா வைத்திருப்பவர்கள் காயாக இருக்கும்போதே இறக்கிவிடுவது நல்லது. பலாப் பழுத்தால் கரடி மட்டும் இல்லை, பர்லியார் பக்கம் யானையே வரும்.

படி 3: இருட்டுவதற்கு முன்னால் பூனை வீட்டுக்குள்

சிறுத்தை அதிகமும் இருட்டிய பிறகுதான் நடமாடும். அதற்கு நாய் எப்படி இரையோ பூனையும் அப்படித்தான். பூனையைக் காப்பாற்ற உறுதியான ஒரே வழி, சாயங்காலத்திலிருந்து விடிந்து வெளிச்சம் நன்றாக வரும் வரைக்கும் அது வீட்டுக்குள் இருப்பதுதான். இதற்கு மாற்று கிடையாது.

"எங்கள் பூனை வராது, அது சுத்தித் திரியும்" என்பார்கள். பழக்கினால் வரும். மத்தியானச் சாப்பாட்டை நிறுத்துங்கள். சாயங்காலம் 5 மணி வாக்கில் தீவன டின்னைக் குலுக்கிக்கொண்டே ஒரே பெயர் சொல்லி, ஒரே தொனியில் கூப்பிடுங்கள். வந்ததும் அதற்குப் பிடித்ததைக் கொடுங்கள், பிறகு கதவைச் சாத்துங்கள். பசியோடு இருக்கிற பூனை அந்தச் சத்தத்தைச் சீக்கிரமே கற்றுக்கொள்ளும். டிசம்பரில் 6 மணிக்கெல்லாம் இருட்ட ஆரம்பிக்கும், பனிமூட்டம் இறங்கினால் அதற்கும் முன்பே மங்கிவிடும். அதனால் கடிகாரத்தைப் பார்க்காமல் வெளிச்சத்தைப் பாருங்கள். மூடுபனி நாளில் 4 மணிக்கே கூப்பிட்டாலும் தப்பில்லை.

உள்ளே இருக்கிற பூனைக்கு மலம் கழிக்க மண் தட்டு வேண்டும். மணலோ, மரத்தூளோ, கடையில் விற்கிற மண்ணோ எதுவானாலும் சரி. பூனை எத்தனையோ அதைவிட ஒரு தட்டு கூடுதலாக, சாப்பிடுகிற இடத்துக்குத் தள்ளி வையுங்கள். ஜன்னல் ஓரத்தில் ஏறி உட்கார ஒரு பலகை, ஒளிந்துகொள்ள ஒரு அட்டைப்பெட்டி இருந்தால் ராத்திரி கத்துவது குறையும்.

அப்புறம், கருத்தடை. ஐந்தாறு மாதம் ஆனதும் கால்நடை மருத்துவரிடம் கொண்டு போய்ச் செய்துவிடுங்கள். கருத்தடை செய்யாத கடுவன் துணை தேடி ராத்திரியில் வெகுதூரம் போகும், எவ்வளவு கூப்பிட்டாலும் வராமல் போவதற்கு அதுதான் பெரிய காரணம். நம் பூனை காட்டுக்குள் சுற்றினால் அங்கே இருக்கிற காட்டுப்பூனைக்கும் சிறுத்தைப்பூனைக்கும் நோய் தொற்றலாம், சோலைக் குருவிகளும் சாகும். இந்தப் பக்கமும் ஒரு நியாயம் இருக்கிறது, அதை நாம் மறக்கக் கூடாது.

படி 4: மறைவிடத்தை எடுங்கள்

வீட்டுக்கும் புதருக்கும் நடுவே வெட்டவெளி இருக்க வேண்டும். உண்ணிச்செடிப் புதர் வாசலை ஒட்டி வளர்ந்திருந்தால் அதற்குள் பன்றியும் படுக்கும், சிறுத்தையும் படுக்கும். உங்கள் எல்லைக்குள் இருப்பதை வேரோடு எடுத்துவிடுங்கள், வெறுமனே வெட்டினால் மழைக்குத் துளிர்த்துவிடும். விறகு அடுக்கைச் சுவரிலிருந்து தள்ளி, தரைக்கு மேலே ஒரு அடி உயரத்தில் மேடை கட்டி வையுங்கள். கூரை மேல் சாய்கிற கிளைகளை வெட்டினால் குரங்கும் மரநாயும் ஏறுவது குறையும்.

படி 5: பகலுக்கு ஒரு கம்பி அறை

பூனைக்கு வெயில் வேண்டும், நமக்கு நிம்மதி வேண்டும் என்றால் வீட்டுச் சுவரை ஒட்டி ஒரு கம்பி வலை அறை கட்டுவதுதான் சரியான வழி. ஜன்னலோ கதவோ அதற்குள் திறக்கிற மாதிரி இடம் பாருங்கள். ஆறடிக்கு நாலடி, ஆறடி உயரம் இருந்தால் இரண்டு பூனைக்குத் தாராளம்.

சட்டத்துக்கு இரும்பு ஆங்கிள் போடுங்கள். நம் ஊர் ஈரத்துக்கு யூக்கலிப்டஸ் கம்பு அடியில் சீக்கிரம் மக்கிவிடும். இரும்பானாலும் துருவுக்கு எதிரான பிரைமர் அடித்த பிறகுதான் பெயிண்ட். வலை விஷயத்தில் சிக்கனம் வேண்டாம். கோழி வலை எனப்படும் மெல்லிய அறுகோண வலையை நாயே கிழித்துவிடும். வெல்டு மெஷ் வாங்குங்கள், 1 அங்குலக் கண், கையால் வளைத்துப் பார்த்தால் வளையாத தடிமன். 1 அங்குலக் கண்ணுக்குள் குரங்குக் கை நுழையாது. அடியில் இரண்டடி உயரத்துக்கு அரை அங்குலக் கண் வலையை இன்னொரு அடுக்காகக் கட்டினால் பாம்புக்கும் எலிக்கும் பெரிய தடை.

மேலே கட்டாயம் மூட வேண்டும். திறந்த கூரையுள்ள கம்பி அறை சிறுத்தைக்குத் தடையே இல்லை. பாதிக்குத் தகரம், பாதிக்கு வலை என்று போட்டால் மழையும் வெயிலும் சமாளிக்கலாம். கீழே சிமென்ட் தரை இல்லையென்றால், வலையின் அடிப்பகுதியை வெளிப்பக்கமாக ஒன்றரை அடிக்கு மடித்துத் தரையில் படிய விட்டு, மேலே கல் அடுக்கி மண் போடுங்கள். தோண்டி வருகிற விலங்கு சுவரோரத்தில்தான் தோண்டும், அந்த இடத்தில் வலை தட்டுப்பட்டால் விட்டுவிட்டுப் போய்விடும். கதவுக்கு மேலும் கீழும் இரண்டு தாழ்ப்பாள், ஏனென்றால் ஒற்றைக் கொண்டியைக் குரங்கு திறக்கும்.

இவ்வளவு செய்தாலும் இந்த அறை பகலுக்குத்தான். ராத்திரி பூனை வீட்டுக்குள் இருக்க வேண்டும்.

படி 6: வேலி, விளக்கு

காட்டெருமையை வேலி நிறுத்தாது, சிறுத்தை ஏறித் தாண்டும். பன்றிக்கும் முள்ளம்பன்றிக்கும்தான் வேலி உதவும், அதனால் உயரத்தை விட அடிப்பக்கம் முக்கியம். மேலே சொன்ன மாதிரி வெளிப்பக்கம் மடித்த வலை போதும். பிளேடு கம்பி வேண்டாம், விலங்கையும் கிழிக்கும், தாண்டப் பார்க்கிற உங்கள் பூனையையும் கிழிக்கும். சூரிய மின்வேலி போட நினைத்தால் வனத்துறையில் கேட்டு, பதிவு செய்த பிறகுதான் போட வேண்டும், அதற்கென்று தமிழக அரசு 2023 இல் விதி கொண்டு வந்திருக்கிறது. வீட்டு மின்சாரத்தை நேராகக் கம்பியில் கொடுப்பது கொலை.

ஆள் நடமாட்டத்துக்கு எரிகிற விளக்கு விலங்கை விரட்டுவதை விட நமக்குப் பார்க்கத்தான் அதிகம் உதவும். தென்மேற்கு மழைக்காலத்தில் வெயிலே இல்லாமல் சோலார் விளக்கு ஏமாற்றும், வயர் இழுத்த விளக்குதான் நம்பகம். காலையில் கதவைத் திறக்கும் முன் அதைப் போட்டு ஜன்னல் வழியாக ஒருமுறை பாருங்கள். மூடுபனியில் பத்தடி தூரத்தில் காட்டெருமை நின்றாலும் தெரியாது.

எதைச் செய்யவே கூடாது

சுருக்குக் கம்பி, அவுட்டுக்காய் (தீனிக்குள் மறைத்து வைக்கிற வெடி), விஷம் கலந்த தீனி மூன்றும் குற்றம். 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் கண்ணி வைப்பதும், பொறி வைப்பதும், விஷம் வைப்பதும் வேட்டைக் கணக்கில்தான் வரும். பன்றிக்கு வைத்த சுருக்கில் சிறுத்தை மாட்டி மணிக்கணக்கில் துடிக்கும், அதே சுருக்கில் உங்கள் பூனையும் மாட்டும். எலி விஷமும் அப்படித்தான், விஷம் தின்ற எலியைத் தின்னும் பூனையும் ஆந்தையும் சேர்ந்தே சாகும்.

இன்னொன்று, நிறையப் பேருக்குத் தெரியாதது. பாம்பு வராது என்று வாசலைச் சுற்றி நீலகிரித் தைலம் தெளிப்பார்கள், ஃபினாயில் ஊற்றுவார்கள், பாச்சை உருண்டை போடுவார்கள். மூன்றுமே பூனைக்கு நஞ்சு. காலில் ஒட்டியதை நக்கியே உள்ளே போய்விடும். தள்ளாடினாலோ வாயில் எச்சில் ஒழுகினாலோ உடனே மருத்துவரிடம் ஓடுங்கள், வீட்டு வைத்தியம் வேண்டாம்.

மீறி வந்துவிட்டால்

சிறுத்தையைப் பார்த்தால் ஓடாதீர்கள், குனியாதீர்கள். முகத்தை அதன் பக்கமே வைத்துக்கொண்டு மெதுவாகப் பின்னால் நடந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திவிட்டு, வனத்துறைக்குச் சொல்லுங்கள். உங்கள் பகுதி வனச்சரக அலுவலக எண்ணை இன்றைக்கே வாங்கிக் கதவுக்குப் பின்னால் ஒட்டிவையுங்கள். கூட்டம் கூட்டிக் கத்தக் கூடாது, அது வெளியேறும் வழியை அடைக்கக் கூடாது. 2023 நவம்பரில் குன்னூர் புரூக்லேண்ட்ஸ் பகுதியில் நாயைத் துரத்தி வந்த சிறுத்தை ஒரு வீட்டுக்குள் புகுந்தது. தீயணைப்பு வீரர்கள் உட்படப் பலருக்குக் காயம். கடைசியில் வழி அமைதியானதும் அதுவாகவே வெளியேறிப் போனது.

பூனையை விலங்கு ஏதாவது கடித்தால் அதே நாளில் கால்நடை மருத்துவர். ரேபிஸ் ஊசியை மூன்று மாத வயதிலேயே போட்டு, மருத்துவர் சொல்கிறபடி தொடர்ந்து போட்டுவாருங்கள். பூனையோ குரங்கோ உங்களைக் கடித்தாலோ பிறாண்டினாலோ ஓடும் தண்ணீரில் சோப்பு போட்டு 15 நிமிஷம் கழுவிவிட்டு, நேராக அரசு மருத்துவமனைக்குப் போய்த் தடுப்பூசி போட்டுக்கொள்ளுங்கள். 1907 இல் ரேபிஸ் சிகிச்சைக்காகத் தொடங்கப்பட்ட பாஸ்டர் நிறுவனம் நம் குன்னூரில்தான் இருக்கிறது. அப்படிப்பட்ட ஊரில் இருந்துகொண்டு, சின்னக் கீறல்தானே என்று யாரும் விட்டுவிட வேண்டாம்.