மொட்டை மாடியிலிருந்து கோள்களை அடையாளம் காண்பது எப்படி? (2026 ஜனவரி வானத்தை வைத்து)

வெறும் கண்ணுக்குத் தெரியும் கோள்கள் ஐந்துதான்: புதன், வெள்ளி, செவ்வாய், வியாழன், சனி. இவற்றைப் பார்க்க தொலைநோக்கி வேண்டாம், இருட்டான மலைக்கிராமமும் வேண்டாம். தெருவிளக்குக்குப் பக்கத்து மாடியிலிருந்தே தெரியும். நகர வெளிச்சம் விழுங்குவது பால்வீதியையும் மங்கலான நட்சத்திரங்களையும்தான். வியாழனுக்கு அதெல்லாம் பொருட்டே இல்லை.

இந்தப் பதிவில் இரவு எட்டு மணி என்று வரும் இடமெல்லாம் ஜனவரி நடுவில் தமிழ்நாட்டு வானம். வேறு மாதத்தில் படிப்பவர்கள் முறையை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

படி 1: பாதையைப் பிடியுங்கள்

எல்லோரும் சறுக்குவது இங்கேதான். எனக்கும் இழுத்தடித்தது இந்தப் படிதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

"மினுக்காமல் இருந்தால் கோள்" என்று பள்ளியில் படித்ததை நம்பி மாடிக்குப் போனால் வானம் முழுக்கத் தேட வேண்டியிருக்கும். தேவையே இல்லை. கோள்கள் எல்லாம் ஏறக்குறைய ஒரே தளத்தில்தான் சூரியனைச் சுற்றுகின்றன. அதனால் நம் வானத்தில் சூரியன் போகும் பாதையை ஒட்டியே அவையும் நகரும். நிலாவும் அந்தப் பாதையை விட்டு சுமார் 5 பாகைக்கு (டிகிரிக்கு) மேல் விலகாது. நிலா எந்த வழியாக ஏறி இறங்குகிறது என்று சில நாள் கவனித்தாலே பாதை பிடிபட்டுவிடும்.

நிலா இல்லாத நாளில் நட்சத்திரங்களை வைத்துப் பிடிக்கலாம். பாதை, கொத்தாக இருக்கும் கார்த்திகைக்கும் செம்மஞ்சளாக ஒளிரும் ரோகிணிக்கும் நடுவே போகிறது. அங்கிருந்து கிழக்கே, புனர்பூசத்தின் இரட்டை நட்சத்திரங்களுக்குச் சற்றுத் தெற்கே. அடுத்து மகம், கிட்டத்தட்ட பாதையின் மேலேயே. அப்புறம் சித்திரை, கேட்டை. ஜாதகத்தில் மட்டும் கேள்விப்பட்ட பெயர்களெல்லாம் வானத்தில் வரிசையாக நிற்பதைப் பார்க்கலாம்.

இந்தப் பட்டைக்கு வெளியே எவ்வளவு பளிச்சென்று எது தெரிந்தாலும் அது கோள் இல்லை. உதாரணம், திருவாதிரை. சிவப்பாக இருப்பதால் பலரும் அதைச் செவ்வாய் என்கிறார்கள். திருவாதிரை பாதையிலிருந்து 16 பாகை தெற்கே தள்ளி இருக்கிறது. செவ்வாய் ஒருநாளும் அங்கே போகாது. தவிர, இந்த ஜனவரியில் செவ்வாயும் வெள்ளியும் சூரியனுக்குப் பின்பக்கம் இருப்பதால் கண்ணுக்கே தெரியாது. இப்போது மாலையில் கிடைப்பது வியாழனும் சனியும் மட்டும்தான்.

(பாகையை அளக்க: கையை முழுதாக நீட்டினால் மூடிய முஷ்டியின் அகலம் 10 பாகை, சுண்டுவிரல் நுனி 1 பாகை. குழந்தைகளுக்கும் இது ஏறக்குறைய பொருந்தும். முஷ்டி சிறிது, கையும் குட்டை.)

படி 2: வியாழனையும் சிரியஸையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்

எட்டு மணிக்குக் கிழக்கு நோக்கி நில்லுங்கள். இடப்பக்கம், வடகிழக்கை ஒட்டி, மூன்று முஷ்டி உயரத்தில் ஒன்று. வலப்பக்கம், தென்கிழக்கை ஒட்டி, ஏறக்குறைய அதே உயரத்தில் இன்னொன்று. இரண்டுக்கும் இடையே நான்கு முஷ்டி தூரம். இடது வியாழன், வலது சிரியஸ்.

இரவு வான நட்சத்திரங்களிலேயே சிரியஸ்தான் பிரகாசமானது. ஆனால் ஜனவரி 10-ஆம் தேதி சூரியனுக்கு நேர் எதிரே வந்த வியாழன் இப்போது அதைவிட அதிகப் பிரகாசம். இரண்டையும் மாறி மாறிப் பாருங்கள். சிரியஸ் வெடவெடவென்று துடிக்கும். நீலம், வெள்ளை, ஒரு நொடி சிவப்பு என்று சிதறும். வியாழன் இளமஞ்சளாக அசையாமல் நிற்கும். நட்சத்திர ஒளி ஒரே புள்ளியிலிருந்து வருவதால் காற்றின் சலனம் அதை ஆட்டிப்படைக்கிறது. கோள் ஒரு சின்ன வட்டு. வட்டின் ஒவ்வொரு பகுதியும் தனித்தனியாக ஆடினாலும் மொத்தத்தில் சமமாகிவிடுகிறது.

இந்தச் சோதனை ஒரு முஷ்டி உயரத்துக்குக் கீழே செல்லாது. அடிவானத்தை ஒட்டி நாம் பார்ப்பது கனத்த காற்றின் வழியாக என்பதால் அங்கே வெள்ளிகூட மினுக்கும். "மினுக்குகிறதே, கோள் இல்லையோ?" என்று சந்தேகம் வந்தால் ஒரு மணி நேரம் பொறுத்து, அது மேலே ஏறியதும் பாருங்கள்.

விமான நிலையம் பக்கமிருந்தால் இன்னொரு குழப்பம். நம்மை நோக்கி வரும் விமானத்தின் விளக்கு சில நிமிடம் நகராமல் பளிச்சென்று நிற்கும். காத்திருந்தால் குட்டு உடைந்துவிடும்.

படி 3: பஞ்சாங்கத்தைப் பாருங்கள்

சிரிக்காதீர்கள், பலன் பார்க்கச் சொல்லவில்லை. பஞ்சாங்கத்தில் மாதாமாதம் ஒரு கிரக நிலைக் கட்டம் இருக்கும். நம் ராசி மண்டலம் நட்சத்திரங்களை அடிப்படையாகக் கொண்டது. ஆகவே கட்டத்தில் குரு மிதுனத்தில் என்றால் வானத்திலும் வியாழன் மிதுன நட்சத்திரங்களுக்கு நடுவில்தான் இருக்கும். இப்போது அப்படித்தான், புனர்பூசத்துக்குப் பக்கத்திலேயே நிற்கிறது. ஆங்கில நாளிதழ் ராசிபலனை வைத்து இதைச் செய்ய முடியாது. மேற்கத்திய ராசிகள் வசந்த சமநாளில் (மார்ச்சில் பகலும் இரவும் சமமாகும் நாள்) சூரியன் இருக்கும் புள்ளியிலிருந்து எண்ணப்படுகின்றன. அந்தப் புள்ளி நட்சத்திரங்களுக்கிடையே மெல்ல நகர்வதால் இன்றைக்கு சுமார் 24 பாகை வித்தியாசம் வந்துவிட்டது.

வியாழன் ஒரு சுற்று வர கிட்டத்தட்ட 12 ஆண்டு, அதாவது ராசிக்கு ஓராண்டு. சனிக்கு ஏறக்குறைய 29½ ஆண்டு, ராசிக்கு இரண்டரை. (மூன்று ராசிக்கு ஏழரை. கணக்கு எங்கிருந்து வந்தது என்று புரிகிறதா?) ஒருமுறை கண்டுபிடித்துவிட்டால் வருடம் முழுக்க அதே நட்சத்திரங்களின் அக்கம்பக்கத்தில் தேடினால் போதும். ராகு, கேதுவை மட்டும் தேட வேண்டாம். நிலாவின் பாதையும் சூரியனின் பாதையும் வெட்டிக்கொள்ளும் இரண்டு புள்ளிகள் அவை. பார்ப்பதற்கு அங்கே ஒன்றுமில்லை.

பின்சேர்க்கை: "எங்கள் வீட்டுப் பஞ்சாங்கத்தில் சனி கும்பம், இன்னொன்றில் மீனம், எது சரி?" என்று கேட்டிருந்தார் ஒருவர். முதலாவது பழைய வாய்பாட்டின்படி கணிக்கும் வாக்கியம், இரண்டாவது இன்றைய வான அளவீடுகளுக்கு ஏற்பத் திருத்திய திருக்கணிதம். திருக்கணிதப்படி சனிப்பெயர்ச்சி 2025 மார்ச்சிலேயே முடிந்துவிட்டது. வாக்கியப்படி 2026 மார்ச்சில்தான். கோயில் வழக்கம் எதுவோ அது இருக்கட்டும். வானத்தைப் பார்க்க திருக்கணிதம்தான், இதில் எனக்கு இரண்டாவது கருத்தே கிடையாது.

சனியை எட்டு மணிக்கு மேற்கே, நான்கு முஷ்டிக்குச் சற்றுக் கீழே தேடுங்கள். வியாழன் அளவுக்குக் கண்ணைப் பறிக்காது. மங்கிய மஞ்சள், அமைதியான ஒளி. அந்தப் பக்கத்தில் பிரகாசமான நட்சத்திரங்கள் அதிகம் இல்லாததால் குழப்பம் வராது. அப்படியும் சந்தேகமாக இருந்தால் ஜனவரி 23 மாலை நிலா அதன் பக்கத்தில் வரும்போது பாருங்கள்.

படி 4: ஆப்பை வைத்து உறுதிசெய்யுங்கள்

நான் பயன்படுத்துவது ஸ்டெல்லேரியம். இலவசப் பதிப்பே போதும், கணினியிலும் கிடைக்கிறது. வேறு ஆப்கள் ராசி உருவங்களை எல்லாம் வண்ணப்படமாகப் போட்டு வானத்தையே மறைத்துவிடுகின்றன, எனக்குப் பிடிக்கவில்லை.

போனை வானத்துக்கு நேராகப் பிடித்தால் "இதுதான் வியாழன்" என்று காட்டும் வசதியை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு நம்பாதீர்கள். போனின் திசைகாட்டி காந்தம் வைத்த உறை, தண்ணீர்த் தொட்டியின் இரும்புத் தாங்கி, தளத்துக்குள் இருக்கும் கம்பி எல்லாவற்றுக்கும் மசியும். இருபது முப்பது பாகை தள்ளிக் காட்டினால் வேறு ஏதோ நட்சத்திரத்தின் மேல் வியாழன் பெயர் வந்து உட்கார்ந்துவிடும். உறையைக் கழற்றுங்கள், போனைக் காற்றில் எட்டு போடுவதுபோல் சுழற்றுங்கள். அதற்கும் வழிக்கு வராவிட்டால் சென்சாரை அணைத்துவிட்டு விரலால் வானத்தை நகர்த்தி, ஓரியன் (வேட்டைக்காரன்) நட்சத்திரக் கூட்டத்தின் மூன்று நட்சத்திர வரிசையைத் திரையிலும் வானத்திலும் பொருத்துங்கள். அங்கிருந்து மற்றதற்குப் போகலாம். நான் இப்போது சென்சாரைத் தொடுவதே இல்லை.

இருப்பிட அனுமதி கொடுத்திருக்கிறீர்களா என்றும் பாருங்கள். இல்லையென்றால் வேறு ஏதோ ஊர் வானத்தைக் காட்டிக்கொண்டிருக்கும்.

படி 5: வாங்குவதென்றால் பைனாகுலர்

10x50 (10 மடங்கு பெரிதாக்கும், முன்வில்லை 50 மி.மீ. அகலம்) போதும். பெட்டியில் "525 மடங்கு" என்று அச்சடித்த பொம்மைத் தொலைநோக்கியை வாங்காதீர்கள். தாங்கி ஆடிக்கொண்டே இருக்கும், ஒரு கோளும் பார்வைக்குள் நிற்காது. முழங்கைகளை மாடிக் கைப்பிடிச் சுவரில் ஊன்றி பைனாகுலரால் வியாழனைப் பாருங்கள். அதன் இரு பக்கமும் ஒரே கோட்டில் ஊசிமுனைப் புள்ளிகள். 1610-இல் கலிலியோ பார்த்த அதே நான்கு நிலவுகள். சில நாள் மூன்றுதான் தெரியும், ஒன்று வியாழனுக்கு முன்னாலோ பின்னாலோ இருக்கும். அடுத்த நாள் வரிசை மாறியிருக்கும். உள்ளே சுற்றும் அயோவுக்கு ஒரு சுற்றுக்கு 1.77 நாள்தான் ஆகிறது.

சனியின் வளையம் இதில் தெரியாது. அதற்கு 30 மடங்காவது பெரிதாக்கும் தொலைநோக்கி வேண்டும்.

பிப்ரவரிக்கான பின்சேர்க்கை: புதன்

"வியாழனையும் சனியையும் பார்த்துவிட்டேன், புதன் சிக்கவில்லை" என்று பலர் எழுதியிருந்தார்கள். புதன் சூரியனை விட்டு 28 பாகைக்கு மேல் விலகாது, அதனால் அந்தி வெளிச்சத்திலேயே பிடித்தாக வேண்டும். 2026 பிப்ரவரி 19 மாலை அது சூரியனிலிருந்து 18 பாகை கிழக்கே இருக்கும். இந்தச் சுற்றில் அதுதான் உச்சம். நம் ஊரில் இந்த மாதத்து மாலைகளில் பாதை அடிவானத்துக்கு ஏறக்குறைய செங்குத்தாக நிற்பதால் 18 பாகையும் உயரமாகவே கிடைக்கும்.

மேற்கே மரமோ கட்டிடமோ மறைக்காத மாடி வேண்டும். மெரினாவுக்கு ஓடாதீர்கள், அங்கே கடல் கிழக்கே. சூரியன் மறைந்து அரை மணி நேரம் கழித்து, அடிவானத்திலிருந்து ஒரு முஷ்டி உயரத்தில் தேடுங்கள். 19-ஆம் தேதி மெல்லிய பிறை இருக்கும், அதை ஒட்டி சனி. பிறையிலிருந்து ஒரு முஷ்டிக்குள் கீழே இறங்கினால் புதன். அதற்கும் கீழே, கிட்டத்தட்ட அடிவானத்தில், வெள்ளியும் தலைகாட்டத் தொடங்கியிருக்கும். பைனாகுலரால் துழாவுவதானால் சூரியன் முழுதாக மறைந்த பிறகு மட்டுமே. விளிம்பு மிச்சமிருக்கும்போது எடுத்தால் கண் போய்விடும்.

வெள்ளி அதற்குப் பின் மாதாமாதம் மேலே ஏறிக்கொண்டே வரும். ஜூன் 9 வாக்கில் வியாழனுக்கு மிக அருகில் நிற்கும். ஆகஸ்ட் நடுவில் சூரியனிலிருந்து அதிகபட்சத் தொலைவு. மழை மேகம் விட்டால் பார்க்கலாம்.