தேவாரம் ஓதக் கற்கிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

திருவொற்றியூர்த் தேரடிப் பக்கம் ஞாயிற்றுக்கிழமை காலைகளில் திருமுறை (தேவாரம் உள்ளிட்ட சைவப் பாடல் தொகுப்பு) வகுப்பு நடத்துகிறேன். காசிமேடு, தண்டையார்பேட்டை, எர்ணாவூர், மணலி என்று பல பக்கங்களிலிருந்தும் வருகிறார்கள். துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகள், வாரம் முழுக்க வேலைக்குப் போய்விட்டு ஞாயிறன்றும் வந்து உட்காரும் பெண்கள் எல்லோரும் உண்டு. ஆர்வத்துக்குக் குறைச்சலே இல்லை. ஆனால் புதிதாக வருகிறவர்கள் எல்லோரும் ஒரே இடங்களில்தான் தடுக்கி விழுகிறார்கள். நாங்கள் கற்ற காலத்தில் விழுந்ததும் அதே இடங்கள்தான். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

ல, ள, ழ வேறுபாடு, ர, ற வேறுபாடு, குளிக்காமல் வருவது, தாமதமாக வருவது இதையெல்லாம் நான் சொல்லத் தேவையில்லை. அதெல்லாம் எல்லோருக்கும் தெரியும், பழகப் பழகச் சரியாகிவிடும். பழகப் பழக மோசமாகிற தவறுகள்தான் கவலைக்குரியவை.

அச்சில் இடைவெளி விட்ட இடத்தில் நிறுத்துவது

இதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

தேவாரப் புத்தகங்களில் பாடல்களைப் பெரும்பாலும் சீர் பிரித்துத்தான் அச்சிடுகிறார்கள். சீர் என்பது யாப்புக்கான அளவு. சொல் முடிகிற இடத்தில்தான் சீரும் முடிய வேண்டும் என்று கட்டாயம் இல்லை. ஒரே சொல்லின் பாதி ஒரு சீரிலும் மீதி அடுத்த சீரிலும் போய் உட்காரும். புணர்ச்சியில் எழுத்து மாறியும் இருக்கும். இது தெரியாதவர், அச்சில் வெள்ளையாக இடம் தெரிகிற ஒவ்வொரு இடத்திலும் நிறுத்துகிறார், மூச்சு விடுகிறார், அப்படியே மனப்பாடமும் செய்துவிடுகிறார்.

எங்கள் ஊர்ப் பதிகத்தையே (பதிகம் என்பது பத்துப் பாட்டளவில் அமைந்த தொகுதி) எடுத்துக்கொள்வோம். சுந்தரர் பாடிய ஏழாம் திருமுறையில் 54-ஆம் பதிகம், 'அழுக்கு மெய்கொடுன் திருவடி யடைந்தேன்' என்று தொடங்குவது. அது பிறந்த கதை இங்கே எல்லோருக்கும் தெரியும். இங்கே மணந்த சங்கிலி நாச்சியாரைப் பிரிய மாட்டேன் என்று மகிழ மரத்தடியில் சத்தியம் செய்து கொடுத்தவர், திருவாரூர் நினைவு வந்ததும் கிளம்பிவிடுகிறார். ஒற்றியூர் எல்லையைத் தாண்டியவுடன் இரண்டு கண்ணும் போய்விடுகின்றன. அந்த நிலையில் பாடியது. மாசிப் பெருவிழாவில் மகிழடி சேவை நடக்கிறதே, அது இந்தச் சத்தியத்தைத்தான் நினைவூட்டுகிறது.

அதில் ஒரு பாட்டு 'மகத்திற் புக்கதோர் சனியெனக் கானாய்' என்று தொடங்கும். அடுத்த அடி அச்சில் இப்படி இருக்கும்:

அகத்திற் பெண்டுகள் நான்ஒன்று சொன்னால்
அழையேற் போகுரு டாவெனத் தரியேன்

வகுப்புக்கு வந்த ஒரு பெரியவர், துறைமுகத்தில் வேலை பார்த்தவர், இந்தப் பதிகம் முழுவதையும் கோயில் வாசலில் வாங்கிய சின்னப் புத்தகத்தை வைத்துத் தானாகவே மனப்பாடம் செய்துகொண்டு வந்திருந்தார். கணீரென்ற குரல். 'போகுரு' என்று நீட்டி நிறுத்தி, மூச்சு வாங்கிக்கொண்டு, 'டாவெனத் தரியேன்' என்று முடித்தார்.

"ஐயா, இந்தப் பாட்டுல சுந்தரர் என்ன சொல்றாரு?" என்று கேட்டேன்.

"சனி தோசம் நீங்கணும்னு வேண்டிக்கிறாருங்க."

சுந்தரர் சொல்வது அதுவா? மக நட்சத்திரத்தில் புகுந்த சனியைப் போல நீ எனக்கு ஆகிவிட்டாயே என்று இறைவனையே சனி என்கிறார். சனி எனக்கு ஆனாய். அதற்கடுத்து, வீட்டிலிருக்கும் பெண்களிடம் நான் ஏதாவது சொன்னால் 'கூப்பிடாதே, போ குருடா' என்கிறார்கள், அதை என்னால் தாங்க முடியவில்லை என்கிறார். முகத்தில் கண்ணை இழந்துவிட்டு எப்படி வாழ்வேன், முக்கண்ணனே, இது முறையா என்று கேட்கிறார். தேவாரத்தில் இவ்வளவு பச்சையாக வீட்டுக்குள் நடப்பதைச் சொல்லி அழும் இடங்கள் குறைவு. 'போ குருடா' என்ற அந்தச் சொல்தான் பாட்டின் உயிர். அதை 'போகுரு' என்றும் 'டா' என்றும் வெட்டிப் போட்டால் மிச்சம் என்ன இருக்கும்? எனக்குக் கோபம் வருவது இங்கேதான். கண் தெரியாத ஒரு மனிதர் அவமானத்தைச் சொல்லி அழுகிறார். பாடுகிறவருக்கும் அது கேட்கவில்லை, எதிரே உட்கார்ந்து கைகூப்பிக் கேட்கிறவருக்கும் கேட்கவில்லை.

முதல் பாட்டிலும் இதே கதைதான். 'ஒழுக்க என்கணுக் கொருமருந் துரையாய்' என்று இருக்கும். என் கண்ணில் ஊற்ற ஒரு மருந்து சொல்லேன் என்ற கெஞ்சல் அது. 'கொருமருந்' என்று நிறுத்தி, 'துரையாய்' என்று தனியாக எடுத்தால், மருந்தும் காணாமல் போகிறது, சொல் என்ற வேண்டுகோளும் காணாமல் போகிறது. 'மற்று நான்அறி யேன்மறு மாற்றம்' என்ற இடத்தில் 'யேன்மறு' என்று ஒரு சொல் இருப்பதாகவே பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். வழுக்கி விழுந்தாலும் உன் பெயரைத் தவிர வேறு சொல் எனக்குத் தெரியாது என்று அங்கே சொல்லியிருக்கிறார்.

இதன் விலை என்ன தெரியுமா? அந்தப் பெரியவருக்கு அன்றே பொருள் சொன்னேன், பிரித்தும் காட்டினேன். கண்ணில் நீர் வந்துவிட்டது அவருக்கு. ஆனாலும் இன்றைக்கும் கொஞ்சம் வேகமாகப் பாடினால் நாக்கு 'போகுரு'வில் போய் நிற்கிறது. மனப்பாடம் ஈரச் சிமெண்டில் பதிந்த கால்தடம் மாதிரி, காய்ந்த பிறகு அழிக்க முடியாது. ஒரு பதிகத்தைப் புதிதாகக் கற்பதைவிட, தவறாகக் கற்றதை மறப்பதற்கு அவர் பட்ட பாடு அதிகம். இப்படி அலுத்துப்போய், பழைய தமிழ் நமக்கு எட்டாது என்று வகுப்பையே விட்டவர்களும் இருக்கிறார்கள். தமிழ் எட்டாமல் போகவில்லை. போ குருடா என்பது யாருக்குப் புரியாது?

இதற்கு நேர் எதிரான தவறும் உண்டு. பதம் பிரித்த புத்தகம் கிடைத்துவிட்டது என்று, பிரித்தபடியே பாடுவது. 'சனியெனக் கானாய்' என்பதைச் 'சனி எனக்கு ஆனாய்' என்று பாடினால் ஒரு எழுத்து கூடிவிடும், சீர் குலையும், தாளம் தவறும். இந்தப் பதிகத்தில் அடிக்கு எட்டுச் சீர். அந்த அளவு கெடாமல் பாட வேண்டும்.

நான் சொல்லிக்கொடுக்கும் முறை இதுதான். ஒரு நோட்டில் பாடலைப் புத்தகத்தில் உள்ளபடி எழுதுங்கள். ஒவ்வொரு வரிக்கும் கீழே ஒரு வரி இடம் விட்டு, பென்சிலால் பிரித்து எழுதுங்கள். முதலில் பிரித்த வரியை, பக்கத்தில் இருப்பவரிடம் பேசுவதுபோல வாய்விட்டுப் படியுங்கள். ராகம் வேண்டாம். கெஞ்சல் கெஞ்சலாகவும் சண்டை சண்டையாகவும் காதில் விழும்வரை படியுங்கள். அப்புறம் சேர்ந்த வரிக்கு வந்து, எழுத்து கெடாமல், ஆனால் பொருள் முடிகிற இடத்தில் மட்டும் மூச்சு விட்டுப் படியுங்கள். இந்தப் பதிகத்தில் அரையடிக்கு நாலு சீர். பெரும்பாலும் அங்கேயே மூச்சுக்கு இடம் கிடைக்கும். இதெல்லாம் ஆன பிறகுதான் மனப்பாடம். வாரத்துக்கு ஒரு பாட்டு போதும்.

கைக்கு வந்த மெட்டில் பாடுவது

தேவாரத்துக்குப் பண், அதாவது பழந்தமிழ் ராகம், குறித்திருக்கிறார்கள். மறைந்து கிடந்த திருமுறைகளை நம்பியாண்டார் நம்பி மூலம் தில்லையில் கண்டெடுத்த பிறகு, பண் தெரியாமல் திகைத்து, திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணை எருக்கத்தம்புலியூரில் கண்டு, அவர் வழியாகப் பண்களை வகுத்தார்கள் என்று திருமுறை கண்ட புராணம் சொல்கிறது. அவ்வளவு பாடுபட்டு மீட்டதை, செல்போனில் கேட்ட ஏதோ ஒரு பக்திப் பாட்டின் மெட்டில் போட்டுப் பாடக் கூடாது.

'அழுக்கு மெய்கொடு' தக்கேசிப் பண். இன்று காம்போதி ராகத்தில் பாடுகிறார்கள். சம்பந்தர் ஒற்றியூரில் பாடிய 'விடையவன் விண்ணுமண்ணும்' பஞ்சமம், அதை ஆகிரியில் பாடுவார்கள். இரண்டையும் ஒரே மெட்டில் கேட்கும்போது மனசு வலிக்கிறது. அப்பரின் திருத்தாண்டகம், திருவிருத்தம் போன்றவற்றைத் தாளத்துக்குள் அடைக்காமல் சுத்தாங்கமாகப் பாடுவது ஓதுவார்கள் (கோயிலில் திருமுறை பாடுகிறவர்கள்) மரபு. கைத்தட்டலுக்கு ஏற்றபடி அவற்றை விரட்டாதீர்கள்.

ராக ஞானம் இல்லையே என்று தயங்க வேண்டாம். ஓதுவார் ஐயா ஒருவர் பாடக் கேட்டு, அவர் பின்னாலேயே சொல்லுங்கள். நேரில் வாய்ப்பு இல்லாதவர்களுக்குத் தருமபுரம் சுவாமிநாதன் போன்றவர்களின் பதிவுகள் இருக்கின்றன.

செல்போனைப் பார்த்துப் பாடுவது

வேண்டாம். நோட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

பலனுக்காக ஒரு பதிகத்தை மட்டும் கிள்ளி எடுப்பது

கண் நோய்க்கு எந்தப் பதிகம் என்று கேட்டு வருகிறார்கள். கேட்பதில் தவறில்லை. அப்பாவுக்குக் கண் ஆபரேஷன் என்று ஒரு பெண் கேட்டபோது நானும்தான் எழுதிக் கொடுத்தேன். ஆனால் ஒரு பதிகத்தை மட்டும் எடுத்துக்கொண்டு நின்றுவிடாதீர்கள். சுந்தரர் கண்ணை இழந்து மீண்ட வழி ஒரு நீண்ட பயணம். ஒற்றியூர் எல்லையில் தொடங்கி, வடதிருமுல்லைவாயிலில் சங்கிலிக்காக என் கண்ணைக் கொண்டாயே என்று பாடுகிறார். திருவெண்பாக்கத்தில் கோயிலுக்குள் இருக்கிறாயா என்று கேட்க, 'உளோம் போகீர்' என்று பதில் வருகிறது. கிடைத்தது ஊன்றுகோல் மட்டும். (பூண்டி நீர்த்தேக்கம் வந்தபோது வெண்பாக்கத்துப் பழைய கோயில் நீருக்குள் போய், கோயில் இடம் மாறியது.) காஞ்சியில் இடக்கண். திருவாரூரில்தான் வலக்கண்.

அந்தத் திருவாரூர்ப் பதிகம் 'மீளா அடிமை'. பண் செந்துருத்தி. தேவாரத்தில் செந்துருத்திப் பண்ணில் உள்ள பதிகம் இது ஒன்றுதான். இன்னொரு கண்ணைத் தராவிட்டால் நீங்களே நன்றாக வாழ்ந்து போங்கள் என்று இறைவனிடம் முகம் திருப்பிக்கொள்கிறார். ஒற்றியூரில் கெஞ்சினவர் ஆரூரில் சண்டை போடுகிறார். இந்த மாற்றத்தைப் பார்க்காமல் முதல் பதிகத்தை மட்டும் பாடினால், அவருடைய கெஞ்சல் மட்டும்தான் நமக்குக் கிடைக்கும், அவருக்கு இருந்த உரிமை கிடைக்காது. நான் எழுதிக் கொடுத்த அந்தப் பெண் அப்புறம் எல்லாப் பதிகங்களையும் வரிசையாகக் கற்றுக்கொண்டார். அப்பாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பாடுகிறாராம்.

சேக்கிழார் சொன்னதைச் சுந்தரர் சொன்னதாகச் சொல்வது

மகிழ மரத்துச் சத்தியத்தை விரிவாகச் சொல்வது பெரியபுராணம். சேக்கிழார் 12-ஆம் நூற்றாண்டுக்காரர், சுந்தரருக்கு முந்நூறு ஆண்டுகளுக்கும் மேல் பிந்தியவர். இரண்டையும் படியுங்கள், எதை யார் சொன்னார் என்று குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

உரையை முதலில் படிப்பது

பாட்டை வாய்விட்டுப் பத்துத் தடவை படித்த பிறகு உரை.

பூஜை நேரத்தில் சன்னதியில் பயிற்சி செய்வது

கூடாது. பிராகாரத்தில் ஓரமாக உட்காருங்கள்.

வள்ளலாரைத் தள்ளி வைப்பது

தேவாரம் மட்டும்தான் படிப்பேன் என்று சிலர் பிடிவாதமாக இருக்கிறார்கள். ஏழுகிணறு வீராசாமிப் பிள்ளை தெருவில் வாழ்ந்த வள்ளலார் இந்த ஒற்றியூரைத் தேடித் தேடி வந்தவர். நம் வடிவுடையம்மன் மீது அவர் பாடிய வடிவுடை மாணிக்க மாலை 101 பாடல்கள். 19-ஆம் நூற்றாண்டுத் தமிழ் என்பதால் புதியவர்களுக்குச் சட்டென்று பிடிபடும். கட்டளைக் கலித்துறை என்ற யாப்பு என்பதால் சீர் பிரிப்பைப் பழகவும் வசதி. 'கடலமு தேசெங் கரும்பே' என்ற முதல் வரியையே எடுத்துக்கொண்டு, 'கடலமுதே, செங்கரும்பே' என்று பிரித்துப் பாருங்கள். இரண்டு மாதம் இதில் பழகிவிட்டு வருகிறவர்களுக்குச் சுந்தரர் பதிகம் சிரமமாக இருப்பதில்லை.

மலிவாகக் கிடைக்கிறதே என்று எந்தப் புத்தகத்தையும் வாங்குவது

வாசலில் விற்கும் சின்னப் புத்தகங்களில் எழுத்துப் பிழை நிறைய. தருமபுரம் ஆதீனம் உரையோடு திருமுறைகளை வெளியிட்டிருக்கிறது. அவர்களுடைய இணையதளத்தில் பாட்டும் உரையும் ஓதுவார்கள் பாடிய இசையும் இலவசமாகவே கிடைக்கின்றன. எழுத்தில் சந்தேகம் வந்தால் அங்கே ஒப்பிட்டுப் பார்த்துவிட்டு நோட்டில் எழுதுங்கள். ஞாயிறன்று வரும்போது அந்த நோட்டையும் பென்சிலையும் கொண்டு வாருங்கள், புத்தகம் என்னிடம் இருக்கிறது.