சிரிப்புப் படத்துக்குக் கதவு வைத்த செற் சுவர்

பிரெஞ்சு நகைச்சுவைப் படங்களில் பாதிச் சிரிப்பு கதவடியில்தான் பிறக்கிறது. மட்டக்களப்பில் குறும்படம் எடுக்கிறவர்கள் முதலில் சறுக்குவதும் அங்கேதான்: கதவை அறைந்து சாத்தினால், படப்பிடிப்புக்கென்று பலகையில் கட்டிய செற் சுவரே ஆடும்.

எட்டடிக்கு நாலடி பிளைவூட்டை, இரண்டுக்கு ஒன்று அங்குலச் சட்டத்தில் அடியுங்கள். கதவு நிலையைப் பலகையில் பொருத்தாதீர்கள். நிலைக்குத் தனியாக இரண்டுக்கு இரண்டு சட்டம் போட்டு, பின்பக்கம் சாய்வுத் தாங்கு கொடுத்து, அதன் காலில் மணல் மூட்டை வையுங்கள். நிலைக்கும் சுவருக்கும் இடையில் ஒரு விரல் இடைவெளி விட்டு, முன்பக்கம் மெல்லிய சட்டத்தால் மறைத்துவிடலாம். அதிர்வு சுவருக்குப் போகாது.

பக்கச் சுவரிலுள்ள கதவுக்குப் பிணைச்சல் கமராவுக்குத் தூரமான பக்கம் இருக்கட்டும். கதவும் அறைக்கு வெளியே திறக்கட்டும். இல்லாவிட்டால் வருகிறவரின் முகத்தைக் கதவே மறைக்கும், சிரிப்பு போய்விடும்.

வாவிக்காற்றின் ஈரத்தில் பலகை வளையும். இரண்டு பக்கமும் மை பூசுங்கள். மார்கழி மழைக்காலமென்றால் கதவைச் சுற்றிக் கால் அங்குலம் விடுங்கள், இல்லையேல் இறுகிக்கொள்ளும். பளபளக்கும் மை வேண்டாம், லைற் தெறிக்கும்.

பின்னணிக் கட்டடத்துக்குக் காசில்லையா? 1967இல் வெளியான ‘பிளேடைம்’ என்ற பிரெஞ்சு நகைச்சுவைப் படத்துக்கு யூஜின் ரோமன் அமைத்த பெரும் செற்றிலேயே, தூரத்து மனிதர்கள் சிலர் உருவம் உருவமாக வெட்டி நிறுத்திய புகைப்படங்கள்தான். கட்டடத்தின் படத்தையும் அப்படியே பெரிதாக அச்சடித்து அட்டையில் ஒட்டுங்கள். காற்றில் ஆடாமல் கட்டினால் போதும்.