எந்த சுஃப்ரென்? பிரெஞ்சுப் போர்க்கப்பல் படங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பழைய போர்க்கப்பல் படங்களைச் சேகரிக்க ஆரம்பிக்கிறவர்கள் என்னிடம் அனுப்பும் குறிப்புகளில், நான் பல வருடம் முன்னால் செய்த அதே தவறுகள் வரிசையாக வருகின்றன. எழுத்துப்பிழை, டன் கணக்கெல்லாம் போகப்போகச் சரியாகிவிடும், விடுங்கள்.

பெயரைப் பார்த்ததும் கப்பலை முடிவு செய்வது

1782, 83இல் சதுரங்கப்பட்டினத்திலிருந்து திருகோணமலை, கடலூர் வரை ஆங்கிலேயரோடு மோதிய தளபதி சுஃப்ரென். புதுச்சேரியில் அவர் பெயரில் வீதியே இருக்கிறது. அவர் பெயரைப் பிரெஞ்சுக் கடற்படை திரும்பத் திரும்ப வைத்தது. கடைசி நான்கை மட்டும் எடுத்தால் 1899இல் நீரில் இறங்கிய போர்க்கப்பல் (பேட்டில்ஷிப் என்ற பெரிய வகை), 1927இன் குரூசர் (அதைவிட இலேசான, வேகமான வகை), 1965இன் ஏவுகணைக் கப்பல், இப்போது பணியில் உள்ள அணுசக்தி நீர்மூழ்கி.

எனக்குக் கிடைத்த அஞ்சலட்டையில் 'சுஃப்ரென்' என்று மட்டும்தான் இருந்தது. இரண்டு புகைபோக்கி. 1915 மார்ச் 18 அன்று துருக்கியின் டார்டனெல்ஸ் நீரிணைத் தாக்குதலில் பிரெஞ்சு அட்மிரல் கெப்ராத்தின் கொடிக்கப்பலாக (தளபதி இருந்து நடத்தும் கப்பல்) நின்ற சுஃப்ரெனைப் பற்றி அப்போதுதான் படித்திருந்தேன், அதற்கும் இரண்டு புகைபோக்கிதான், அதனால் கேட்ட விலையைக் கொடுத்து வாங்கி, கட்டுரையும் எழுதி அச்சுக்கு அனுப்பிவிட்டேன். அப்புறம் ஒருநாள் லென்ஸ் வைத்துப் பார்க்கிறேன், முன்னால் இரண்டு, பின்னால் இரண்டு என்று பெரிய பீரங்கிக் கூண்டுகள் நான்கு! போர்க்கப்பலில் 305 மி.மீ. பீரங்கிக் கூண்டு முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று, அவ்வளவுதான். நான் வாங்கியது குரூசரின் படம்.

பணம் போனதுகூடப் பரவாயில்லை. அந்தப் போர்க்கப்பலை 1916 நவம்பர் 26 அன்று லிஸ்பனுக்கு அப்பால் ஜெர்மன் நீர்மூழ்கி யு-52 டார்பிடோ விட்டுத் தாக்கியது, ஆயுதக் கிடங்கு வெடித்து 648 பேரோடு மூழ்கியது, ஒருவர்கூடப் பிழைக்கவில்லை. அவர்கள் செத்த கப்பல் இதுதான் என்று, அதற்குப் பத்து வருடம் கழித்துக் கட்டிய ஒன்றைக் காட்டியிருக்கிறேனே என்பது இன்றைக்கும் உறுத்துகிறது. முதலில் கூண்டுகளை எண்ணுங்கள். கப்பலின் முன்பாதியில் ராட்சத பந்து மாதிரி ரேடார் கூடு தெரிந்தால் அது ஏவுகணைக் கப்பல்.

'சுஃப்ரென் வகை' என்று மொட்டையாக எழுதுவது

ஒரே வடிவமைப்பில் கட்டும் கப்பல்களை முதல் கப்பலின் பெயரால் 'வகை' என்பார்கள். குரூசர் என்றால் அந்த வகையில் நான்கு கப்பல், ஏவுகணைக் கப்பல் என்றால் இரண்டு, நீர்மூழ்கி என்றால் திட்டப்படி ஆறு. எதைச் சொல்கிறீர்கள்?

ஒரே ஒரு வருடம் போடுவது

குரூசர் நீரில் இறங்கியது 1927, பணியில் சேர்ந்தது 1930. இரண்டையும் எழுதுங்கள்.

பெயருக்கு முன்னால் 'எஃப்.எஸ்.'

'பிரெஞ்சுக் கப்பல்' (French Ship) என்பதன் ஆங்கிலச் சுருக்கம் இது, பிரெஞ்சுக் கடற்படையே போடுவதில்லை.