திரைக்கதை எழுதியவரே இசையும் அமைத்தால் எங்கே சறுக்கும்?

எழுதும் மேசையிலேயே மெட்டும் வந்துவிடுவதுதான் முதல் ஆபத்து. படப்பிடிப்புக்கு முன்பே இசை மனதில் இறுகிவிட்டால், நடிகர் எடுத்துக்கொண்ட இடைவெளியும் எடிட்டர் வெட்டிய இடமும் இடைஞ்சலாகவே தெரியும். மெட்டைக் கைப்பேசியில் பதிந்து வையுங்கள். ரீரெக்கார்டிங் எனும் பின்னணி இசை வேலையை, எடிட் லாக் ஆகும்வரை, அதாவது இனி வெட்டு மாறாது என்று உறுதியாகும்வரை, தொடாதீர்கள்.

வெறும் கணக்குதான் காரணம். விநாடிக்கு 24 பிரேமில் ஓடும் படத்தில் 90 பிபிஎம் (நிமிடத்துக்கு 90 பீட், அதாவது தாள அடி) வேகம் என்றால் ஒரு பீட்டுக்கு 16 பிரேம். இசை முடிந்தபின் எடிட்டர் 2 விநாடி குறைத்தால் 3 பீட் போய்விடும். கதவு சாத்தும்போது விழவேண்டிய அடி வேறெங்கோ விழும். பிரேம் வேகத்தையே மாற்றி வைத்துக்கொண்டால் இன்னும் மோசம். 24-இல் எடுத்த 10 நிமிட ரீல், 25-இல் ஓடினால் 24 விநாடி முன்பே முடிந்துவிடும். டைம்கோடு (ஒவ்வொரு பிரேமின் நேர எண்) பதித்த வீடியோவை எடிட்டரிடம் கேட்டு வாங்குங்கள்.

எழுத்தாளருக்கே உரிய நோய் ஒன்று உண்டு: வசனம் சொன்னதையே வயலினும் சொல்வது. எழுதியவருக்குத் தன் வரிமீது நம்பிக்கை இல்லாதபோதுதான் இது நடக்கிறது. ஒவ்வொரு இசைத்துண்டுக்கும் எதிரே, வசனத்தில் இல்லாத எதை இது சொல்கிறது என்று ஒரு வரி எழுதிப் பாருங்கள். எழுத ஒன்றும் இல்லையென்றால் அங்கே மௌனம் போதும். தானே திரைக்கதை எழுதி இயக்கிய சத்யஜித் ராய்கூட 1955-இல் தன் முதல் படத்துக்கு ரவிசங்கரிடம்தான் போனார். தன் படங்களுக்குத் தானே இசையமைக்கத் தொடங்கியது 1961-இல்.

வசனத்துக்கு அடியில் வரும் இசையில், ஒலியளவைக் குறைத்தால் மட்டும் போதாது. சொல்லின் தெளிவு பெரும்பாலும் 1,000 முதல் 4,000 ஹெர்ட்ஸுக்குள் இருக்கிறது. அதே இடத்தில் வயலினோ புல்லாங்குழலோ ஓடினால் சொல் மங்கும். கீழ் ஸ்தாயியில் செலோவை வையுங்கள். மிக்ஸிங்குக்கு ஒரே ஸ்டீரியோ கோப்பாகக் கொடுக்காமல் தந்தி, தாளம், குரல் எனத் தனித்தனி ஒலிக்கோப்புகளாக, அதாவது ஸ்டெம்களாக, 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் ஒலித்தரத்தில் கொடுங்கள். இல்லையென்றால் தவிலை மட்டும் தணிக்க மிக்ஸிங் என்ஜினியரால் முடியாது.

இரண்டு வேலைக்கும் சேர்த்து ஒரே தொகைக்குக் கையெழுத்திடுவது பலர் செய்யும் தவறு. திரைக்கதையும் இசையும் சட்டப்படி தனித்தனிப் படைப்புகள். தொகையையும் கெடுவையும் தனித்தனியே எழுதி வாங்குங்கள். திரையரங்குக்கு வெளியிலான பயன்பாட்டுக்கு வரும் ராயல்டியை, 2012 பதிப்புரிமைச் சட்டத் திருத்தத்துக்குப் பிறகு, தயாரிப்பாளருக்கு எழுதிக்கொடுக்கவே முடியாது. இசைப் பங்கு கைக்கு வர, ராயல்டியை வசூலித்துப் பிரித்துத் தரும் சங்கமான ஐ.பி.ஆர்.எஸ்.-இல் உறுப்பினராகி, ஒவ்வொரு படைப்பையும் அங்கே பதிய வேண்டும்.