பருப்பு பாஸ்தா சூப் களியாகாமல் தப்பிய கதை

முதல் தடவை எல்லாவற்றையும் ஒரே பாத்திரத்தில் கொட்டினேன். முக்கால் மணி நேரம் கொதித்தும் மசூர் பருப்பு நறுக்கென்று கடிபட்டது. பாஸ்தாவோ குழைந்து போயிருந்தது. மிச்சத்தை மறுநாள் திறந்தால் சூப்பையே காணோம். கரண்டியை நட்டால் நிற்கும், அப்படி ஒரு களி!

முதல் தப்பு, தக்காளியை ஆரம்பத்திலேயே சேர்த்தது. புளிப்பு சேர்ந்தால் பருப்பு லேசில் வேகாது. இப்போது வெங்காயம், கேரட், பூண்டு வதக்கி, 1 கப் முழு மசூருக்கு 6 கப் தண்ணீர் ஊற்றி, மூடி, சிறு தீயில் 25, 30 நிமிடம் விடுகிறேன். ஒரு பருப்பை எடுத்து விரலால் நசுக்கினால் மாவாக மசிய வேண்டும். அப்புறம்தான் தக்காளி.

பாஸ்தா அடுப்பை அணைத்த பிறகும் தண்ணீரை உறிஞ்சிக்கொண்டே இருக்கும். அதனால் தனியாக, கடித்தால் நடுவில் துளி வெள்ளை தெரிகிற பதத்தில் வடித்து, கொஞ்சம் எண்ணெய் புரட்டி வைக்கிறேன். சாப்பிடும்போது கிண்ணத்தில் பாஸ்தா, மேலே கொதிக்கக் கொதிக்க சூப். கூடுதலாக ஒரு பாத்திரம் கழுவ வேண்டும், சரி, போகட்டும். கெட்டியாக வேண்டுமென்றால் இரண்டு கரண்டி பருப்பை மசித்துத் திரும்பக் கலக்கிவிடுவேன். சோளமாவு போட்டும் பார்த்தேன், வழவழவென்று இருந்தது, பிடிக்கவில்லை.