பிள்ளையை ஆய்வில் சேர்க்கக் கேட்டால்: கையெழுத்துக்கு முன்

தேவகோட்டையில் தமிழாசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள் நான். இப்போது மதுரையில் ஒரு மருத்துவமனையின் நெறிமுறைக் குழுவில் இருக்கிறேன். மருந்து ஆய்வுக்கு அனுமதி தரும் இந்தக் குழுவில் குறைந்தது 7 பேர், அதில் ஒருவராவது மருத்துவம் படிக்காத சாமானியர் என்பது விதி. அந்தச் சாமானியர் நான். ஊரில் யாரிடம் ஆஸ்பத்திரிப் படிவம் நீட்டினாலும் அது எங்கள் வீட்டு முகப்புக்கு வந்துவிடுகிறது.

முதலில் டாக்டரிடம் நேராகக் கேளுங்கள்: இது வைத்தியமா, ஆய்வா? ஆய்வென்றால் உங்கள் பிள்ளைக்குப் பலனே இல்லாமலும் போகலாம். எந்த மருந்து என்பதைக் குலுக்கல் முறையில் முடிவு செய்யும் ஆய்வுகளும் உண்டு. தப்பில்லை, தெரிந்து சேருங்கள்.

அப்புறம், யார் கையெழுத்து? நம் பக்கம் தாய் தகப்பன் சிங்கப்பூரில், பிள்ளை அப்பத்தாவிடம். “ஆச்சி, நீங்களே போடுங்க” என்று பேனா கொடுத்தால் வாங்காதீர்கள். ஆய்வாளரே தாய் தகப்பனிடம் போனில் பேசட்டும். ஹெட்மாஸ்டர் சரியென்று சொன்னதும் போதாது. 2009-10ல் அப்போதைய ஆந்திராவின் கம்மம் மாவட்டத்தில், கருப்பைவாய்ப் புற்றுநோயைத் தடுக்கும் எச்.பி.வி. தடுப்பூசி ஆய்வில் விடுதி வார்டன்கள் மாணவிகளுக்காகக் கையெழுத்துப் போட்ட விவகாரம் நாடாளுமன்றக் குழு வரை போனது.

7 வயதானால் பிள்ளையின் சம்மதமும் வேண்டும் என்கிறது ஐ.சி.எம்.ஆர். என்ற இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் 2017 நெறிமுறை. 12 வரை வாய்ச்சொல், அதற்குமேல் 18 வரை எழுத்து. நம் வீடுகளில் இங்கேதான் சிக்கல். ஐயா முடிவு சொன்னபின் பிள்ளை எங்கே வாய் திறக்கும்? அதனால் பெரியவர்கள் பேசுவதற்கு முன்பே பிள்ளையைத் தனியாக உட்கார வையுங்கள். ஊசி எத்தனை, பரீட்சை நேரத்தில் போக வேண்டுமா, ரத்தம் எவ்வளவு (5 மில்லி என்றால் ஒரு டீஸ்பூன்) எல்லாம் சொல்லுங்கள். வலிக்காது என்று பொய் வேண்டாம். கேட்டதைப் பிள்ளை வாயாலேயே திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள். வெறும் தலையாட்டலை நான் சம்மதமாக எடுப்பதில்லை. சீப்புச் சீடை கொடுத்து வாங்கிய சம்மதத்தையும்தான்.

குடல்வால் ஆபரேஷன் மாதிரி அவசர வைத்தியம் வேறு. அங்கே பிள்ளை அழுதாலும் முடிவு உங்களுடையது. வழக்கமான வைத்தியம் கையில் இருக்க, ஆய்வை மட்டும் பிள்ளை மறுத்தால் விட்டுவிடுங்கள். மறுத்ததற்காகவோ நடுவில் விலகியதற்காகவோ வைத்தியத்தை நிறுத்தக் கூடாது.

படிவம் தமிழில் வேண்டும். வீட்டுக்குக் கொண்டுபோய் இரவு நிதானமாகப் படியுங்கள். மருந்து ஆய்வென்றால் சி.டி.ஆர்.ஐ. என்ற இந்திய மருத்துவ ஆய்வுப் பதிவேட்டின் பதிவெண் கேளுங்கள், இணையத்தில் யாரும் பார்க்கலாம். ஆய்வால் பாதிப்பு வந்தால் இலவச சிகிச்சையும் இழப்பீடும் மத்திய அரசின் 2019 மருந்து ஆய்வு விதிகளில் உண்டு. பஸ் செலவு தருவது சரி. பெருந்தொகை ஆசை காட்டினால் படிவத்திலுள்ள குழு எண்ணுக்குப் போன் போடுங்கள்.

கையெழுத்தான பிரதியைக் கேட்டு வாங்கித் தடுப்பூசி அட்டையோடு வையுங்கள். காய்ச்சலுக்கு வேறு டாக்டரிடம் போனாலும் அதைக் காட்டுங்கள், பிள்ளை என்ன மருந்தில் இருக்கிறது என்று அவருக்குத் தெரிய வேண்டும்.